இழப்பற்ற ஒலியும் பேர்மிங்காமின் உலோக இசையும்

ஒலிப்பதிவு வெறும் தொழில்நுட்பச் செய்கையன்று. ஒரு காலத்தின் வாழ்வும் உழைப்பும் அதிலே படிந்து கிடக்கின்றன. இவ்வகையில், ‘பிளக் சபத்’ குழுவினர் 1970 பெப்ரவரியில் வெளியிட்ட முதல் இசைத்தட்டு நமது கவனத்துக்குரியது. ஹெவி மெற்றல் இசையின் தோற்றுவாயாகப் பலரும் இதனையே கொள்வர்.

இக்குழுவினர் நால்வரும் இங்கிலாந்தின் ஆலை நகரான பேர்மிங்காமில், ஆஸ்ரன் என்னும் தொழிலாளர் பகுதியில் வளர்ந்தவர்கள். கிற்றார்க் கலைஞர் ரொனி அயோமி, தமது 17ஆவது வயதில், உலோகத் தகட்டுத் தொழிற்சாலையொன்றில் வலக்கையின் இரு விரல் நுனிகளை இயந்திரத்துக்குப் பறிகொடுத்தார். அவர் இடக்கைப் பழக்கமுடையவராதலின் தந்திகளை அழுத்தும் கை அதுவே. பிளாத்திக்குப் போத்தலை உருக்கி விரலுறை செய்து, மெல்லிய தந்திகளைப் பூட்டி, அவர் மீண்டும் வாசித்தார். அவரது வாசிப்பு முறை உருவானதில் இவ்விபத்துக்கும் பங்குண்டு.

1969 ஒக்ரோபரில், இலண்டனில், ஏறத்தாழ ஒரே நாளில் இவ்விசை பதிவாயிற்று. மழையொலியும் தேவாலய மணியோசையும் முதற்பாடலைத் தொடக்கிவைக்கின்றன. அம்மணியோசை மெல்லத் தேய்வதையும் தாளத்தட்டுகளின் அதிர்வு அடங்குவதையும் முழுமையாகக் கேட்பதற்கு, ஒலி எவ்வாறு சேமிக்கப்படுகின்றது என்பது முக்கியமாகின்றது.

குறுவட்டு, ஒலியை வினாடிக்கு 44,100 தடவை அளந்து, ஒவ்வோர் அளவையும் 16 துவித இலக்கங்களாற் குறிக்கின்றது. எம்.பி.3 முறை, உரத்த ஒலியால் மறைக்கப்பட்டுச் செவிக்கு எட்டாதவை எனக் கணிக்கப்படும் கூறுகளைக் களைந்து கோப்பைச் சுருக்குகின்றது. 2001இல் வெளியான ஃபிளாக் முறையோ எதனையும் களைவதில்லை. முந்திய அளவுகளைக் கொண்டு அடுத்ததை ஊகித்து, ஊகத்துக்கும் உண்மைக்கும் இடையிலான வேறுபாட்டை மட்டும் சுருக்கமாகக் குறித்து வைக்கின்றது. விரிக்கும்போது ஓரிலக்கமும் பிசகாது மூலம் மீள்கின்றது.

உயர்ந்த தரவு வீதத்தில் அமைந்த எம்.பி.3 பதிவுக்கும் இதற்குமிடையே பெரும்பாலோரின் செவி வேறுபாடு காண்பதில்லை என்பதை நாம் மறுக்கவில்லை. ஆயின், களைந்ததை மீட்டல் இயலாது. அத்தகைய கோப்பை மீண்டும் மீண்டும் சுருக்குந்தோறும் இழப்புப் பெருகும். ஆகவே ஆவணப் பேணலுக்கு இழப்பற்ற முறையே ஏற்றது.

எனினும், ‘இழப்பற்றது’ என்னும் பெயர் நம்மை மயக்கிவிடலாகாது. விற்பனைப் போட்டியின் பொருட்டு, மெல்லொலிக்கும் வல்லொலிக்கும் இடையிலான இடைவெளியைக் குறுக்கி, முழுவதையும் உரப்பாக்கி வெளியிடும் வழக்கம் 1990களில் வலுப்பெற்றது. அவ்வாறு நசுக்கப்பட்ட பதிப்பை ஃபிளாக் நசுங்கிய நிலையிலேயே பேணும். ஆகவே, கோப்பின் வகையை மட்டுமன்றி, அது எந்தப் பதிப்பிலிருந்து எடுக்கப்பட்டது என்பதையும் நாம் வினவுதல் வேண்டும். ஆலைத் தொழிலாளரின் பிள்ளைகள் படைத்த ஒலியில் எது வேண்டும், எது வேண்டாம் என்பதைச் சந்தை மட்டுமே தீர்மானிக்க விடலாகாது.