வரவும் செலவும்: வரையறுத்த தொகையீடு

'வளைகோட்டுக்குக் கீழ் அமையும் பரப்பே வரையறுத்த தொகையீடு' என்று ஐந்தாம் படிவக் கூடுதல் கணித வகுப்பில் மனனம் செய்தோர் நம்மில் பலர். மலாய்ப் பாடநூலில் அதன் பெயர் 'கமிரான்'. அவ்விலக்கணம் பாதியளவே உண்மை. நிலத்தின் பரப்பு ஒருபோதும் குறை எண் ஆகாது. தொகையீடோ குறை எண்ணும் ஆகலாம், சுழியும் ஆகலாம். விடுபட்ட பாதியை விளங்கிக்கொள்ளப் பேராக்கின் தோட்ட வரலாறே நமக்குத் துணை நிற்கும்.

நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் கப்பலேறிப் பினாங்கில் இறங்கிய நம் முன்னோர், சுங்கை சிப்புட் முதலிய ஊர்களைச் சூழ்ந்த பால்மரக் காடுகளுக்கு வந்துசேர்ந்தனர். 1930இல் உலகப் பொருளாதார மந்தத்தால் ரப்பர் விலை சரிந்தது. வேலையிழந்தோர் ஆயிரக்கணக்கில் திருப்பி அனுப்பப்பட்டனர். 1930 முதல் 1932 வரை மலாயாவுக்கு வந்த இந்தியரைவிடப் போனோரே மிகுதி.

இதனை வரைபடமாக்குவோம். கிடைக்கோடு காலம். நிலைக்கோடு, ஒரு மாதத்தில் வந்தோர் தொகையிலிருந்து போனோர் தொகையைக் கழித்த வேகம். வரவு மிகும்போது வளைகோடு மேலே நிற்கும். செலவு மிகும்போது கிடைக்கோட்டைக் கடந்து கீழே இறங்கும். (பழந்தமிழில் 'செலவு' என்பதற்குப் பயணம் என்றே பொருள்.) காலத்தை மெல்லிய கீற்றுகளாக நறுக்கினால், ஒவ்வொரு கீற்றின் உயரமும் 'மாதத்துக்கு இத்தனை பேர்', அகலம் மாதத்தின் ஒரு சிறு கூறு. இரண்டையும் பெருக்கினால் எஞ்சுவது ஆள் எண்ணிக்கை. கீழிறங்கிய கீற்றின் உயரம் குறை எண். ஆதலால் அதன் பரப்பும் குறைக்குறி பெறுகிறது. கீற்றுகளை மேலும் மேலும் மெலிதாக்கிக் கூட்டும்போது அக்கூட்டுத்தொகை நெருங்கிச் சேரும் எல்லையே தொகையீடு. 1675இல் லைப்னிட்சு இதற்கென இட்ட நீண்ட 'எஸ்' குறி, கூட்டுத்தொகையைச் சுட்டும் 'சும்மா' என்ற இலத்தீன் சொல்லின் முதலெழுத்தே. நம் 'தொகை'யும் அதையேதான் சொல்கிறது.

கற்பனையாக ஒரு தோட்டத்தைக் கொள்வோம். t மாதம் கழிந்தபின் வேகம் 30 − 10t. முதல் மூன்று மாதங்களில் மேலே ஒரு முக்கோணம்: 3 × 30 ÷ 2 = 45. அடுத்த மூன்று மாதங்களில் கீழே அதே அளவு: −45. ஆறு மாதத் தொகையீடு சுழி. பெரட்டில் நிற்போர் எண்ணிக்கை மாறவில்லை. ஆயினும் குறியை நீக்கிக் கூட்டினால் 90.

மக்கள்தொகைக் கணக்கெடுப்பு காண்பதும் இந்தச் சுழியைப் போன்ற ஒன்றையே. மலாயாவில் இந்தியர் 1921இல் ஏறத்தாழ 470,000. 1931இல் ஏறத்தாழ 620,000. பிறப்பையும் இறப்பையும் வேகத்தோடு சேர்த்துக்கொண்டால், இடைப்பட்ட பத்தாண்டுத் தொகையீடு இவ்விரு முனைகளின் வேறுபாடே: 150,000. நுண்கணிதத்தின் அடிப்படைத் தேற்றம் கூறுவதும் இதுவே. இடையில் வளைகோடு எத்தனை முறை ஏறி இறங்கியது என்பதை முனைகள் காட்டா.

இங்கே ஓர் எச்சரிக்கையும் தேவை. ஒரே மாதத்தில் நூறு பேர் வந்து நூறு பேர் போயிருந்தால், நம் வளைகோடு அந்த மாதம் முழுதும் கிடைக்கோட்டின் மீதே படுத்திருக்கும். அப்போது குறியை நீக்கினாலும் கிடைப்பது சுழிதான். கழித்தல் முன்னரே நடந்துவிட்டது. கப்பலேறிய அனைவரையும் எண்ண வேண்டுமாயின், வரவுக்கு ஒன்றும் செலவுக்கு ஒன்றுமாக இரு வளைகோடுகள் வரைந்து, இரண்டையும் தனித்தனியே தொகையிட வேண்டும்.