மொஸார்ட் எழுதாமல் விட்ட இடம்

பியானோ கான்செர்ட்டோவின் உயிர்நாடி அச்சிட்ட தாளில் இல்லை. அதைக் கேட்கவும் கற்கவும் விரும்புகிறவர்கள் அந்தக் காலி இடத்திலிருந்தே தொடங்கலாம்

ஆம்ஸ்டர்டாமின் கான்செர்ட்கெபோ அரங்கில் 1990களின் பிற்பகுதியில் ஒரு மதிய நேரக் கச்சேரி. நடத்துநர் ரிக்கார்டோ ஷாயி கையை உயர்த்த, இசைக்குழு வாசிக்கத் தொடங்குகிறது. பியானோவின் முன் உட்கார்ந்திருக்கும் போர்ச்சுகல் கலைஞர் மரியா ஜுவாவ் பிரெஸின் முகம் வெளிறுகிறது. அவர் தயாராகி வந்தது மொஸார்ட்டின் வேறொரு கான்செர்ட்டோவுக்கு. ஒலிப்பதோ டி மைனரில் அமைந்த 20ஆம் எண் கான்செர்ட்டோ. ஷாயி நிறுத்தவில்லை. கையை அசைத்துக்கொண்டே தைரியம் சொல்கிறார். பிரெஸ் தலையைக் குனிந்துகொள்கிறார். தன் முறை வந்ததும் வாசிக்கிறார் – நினைவிலிருந்தே. படமாகப் பதிவான அந்தக் காட்சியை இன்றுவரை லட்சக்கணக்கானோர் பார்த்திருக்கிறார்கள்.

அவரைக் காப்பாற்றியது அபாரமான ஞாபகசக்தி. ஆனால் அந்த ஞாபகத்தைத் துழாவி எடுக்க இரண்டு நிமிடத்துக்கு மேல் அவகாசம் கொடுத்தது மொஸார்ட். இந்தக் கான்செர்ட்டோவில் பியானோ வாய் திறப்பதற்கு முன்பு இசைக்குழு மட்டும் 76 தாள வட்டங்கள் வாசிக்கிறது. புதிதாகக் கேட்பவர்கள் இதை வெறும் முன்னுரை என்று நினைத்து, கதாநாயகன் எப்போது வருவான் என்று காத்திருப்பார்கள். அங்கேதான் முதல் கோட்டை விடுகிறார்கள்.

அந்த 76 வட்டங்களில் வழக்கு முழுவதும் முன்வைக்கப்பட்டுவிடுகிறது. தொடக்கத்தில் மெட்டு என்று சொல்லும்படி எதுவும் இல்லை. வயலின்கள் தாளத்துக்குச் சற்றுத் தள்ளித் தள்ளித் துடிக்கின்றன. அடித்தந்திகள் கீழிருந்து உறுமுகின்றன. பிறகு ட்ரம்பெட்டும் டிம்பனி முரசும் சேர்ந்து வெடிக்கின்றன. எல்லாம் அடங்கியபின் பியானோ நுழைகிறது – அதுவரை யாரும் வாசிக்காத, தனிமையான ஒரு புது மெட்டோடு. அந்த மெட்டு கடைசிவரை பியானோவுக்கே சொந்தம். இசைக்குழு அதைத் தொடுவதில்லை. இசைக்குழுவின் அந்தத் துடிப்பைப் பியானோவும் அப்படியே திருப்பிச் சொல்வதில்லை. அதன் மேல் வேகமான ஸ்வரங்களை ஓடவிடுவதோடு சரி. இரு தரப்பும் பேசிக்கொண்டே இருக்கிறார்கள், ஒத்துப்போவதுதான் இல்லை. கான்செர்ட்டோவைக் கேட்பது என்பது யார் எதைச் சொல்கிறார்கள், யார் எதைச் சொல்ல மறுக்கிறார்கள் என்று கவனிப்பதுதான்.

ஈரம் காயாத தாள்கள்

இந்தப் படைப்பு அரங்கேறியது 1785 பிப்ரவரி 11ஆம் தேதி, வியன்னாவின் மேல்க்ரூபெ மண்டபத்தில். மொஸார்ட் தன் படைப்புப் பட்டியலில் இதைக் குறித்துக்கொண்டது அதற்கு முந்தைய நாள்தான். சால்ஸ்பர்கிலிருந்து மகனைப் பார்க்க வந்திருந்த தந்தை லியோபோல்ட், மகள் நன்னெர்லுக்கு எழுதிய கடிதத்தில் அன்று நடந்ததை விவரித்திருக்கிறார். அவர்கள் போய்ச் சேர்ந்தபோதும் இசைக்குழுவுக்கான தாள்களை நகலெடுப்பவர் எழுதிக்கொண்டுதான் இருந்தார். அவரை மேற்பார்வை செய்ததில், கடைசிப் பகுதியை ஒருமுறை வாசித்துப் பார்க்கக்கூட மொஸார்ட்டுக்கு நேரமில்லை.

இத்தனை அவசரத்துக்குக் காரணம் பிழைப்பு. மொஸார்ட் அப்போது சந்தாதாரர்களை நம்பிக் கச்சேரி நடத்திக்கொண்டிருந்தார். அமைப்பாளரும் அவரே, இசையமைப்பாளரும் அவரே, பியானோ கலைஞரும் அவரே. ஒவ்வொரு பருவத்திலும் புதுச் சரக்கு வேண்டும். 1784 தொடங்கி 1786 முடியும்வரை, மூன்றே ஆண்டுகளில் 12 கான்செர்ட்டோக்களை எழுதினார். டி மைனர் அரங்கேறி ஒரு மாதம் ஆவதற்குள், மார்ச் 10ஆம் தேதி, அதற்கு நேர் எதிரான குணம் கொண்ட சி மேஜர் கான்செர்ட்டோ மேடையேறியது.

தானே வாசிக்கப்போகும் ஒன்றுக்கு எல்லாவற்றையும் எழுதிவைக்க வேண்டிய அவசியம் இல்லை. முதல் பகுதி முடியும் தறுவாயில் இசைக்குழு ஆரவாரமாக ஏறி, ஒரு ஸ்வரக்கட்டின் மேல் சட்டென்று நின்றுவிடும். தாளில் அந்த இடத்தில் ஒரு நிறுத்தக் குறி இருக்கும். அங்கே பியானோ கலைஞர் தன்னந்தனியாக, கற்பனையாக வாசிக்க வேண்டும். இதற்குப் பெயர் கடென்சா. சகோதரிக்காகவும் மாணவர்களுக்காகவும் மொஸார்ட் எழுதிக்கொடுத்த கடென்சாக்கள் பல கிடைத்திருக்கின்றன. டி மைனருக்கு அவர் எழுதிய எதுவும் எஞ்சவில்லை.

கர்நாடக இசை கேட்டுப் பழகிய காதுக்கு இது அந்நியமாகத் தெரியாது. கல்பனாஸ்வரத்தில் பாடகர் எங்கே சுற்றினாலும் எடுப்புக்கு வந்து சேர வேண்டும். கடென்சாவிலும் அப்படி ஒரு வீடு திரும்பும் இடம் உண்டு. இரண்டு பக்கத்து ஸ்வரங்களை மாறி மாறி வேகமாக வாசிக்கும் டிரில் என்ற நடுக்கம்தான் அது. அதைக் கேட்டதும் இசைக்குழு மீண்டும் சேர்ந்துகொள்ளும். ஒரு வித்தியாசம்: இங்கே தாளத்தைக் காத்துநிற்க மிருதங்கம் இல்லை. தாளமே அவிழ்ந்துவிடுகிறது. பின்னால் உட்கார்ந்திருப்பவர்கள் கையைக் கட்டிக்கொண்டு காத்திருக்கிறார்கள்.

காலி இடம் கடென்சா ஒன்றுதான் என்பதும் இல்லை. டி மேஜர் கான்செர்ட்டோ ஒன்றின் மெதுவான பகுதியில் ஏதோ குறைகிறது என்று நன்னெர்ல் சொல்லி அனுப்பினார். 1784 ஜூனில் மொஸார்ட் எழுதிய பதிலில் கோபம் இல்லை. அவள் சொல்வது சரி, விட்டுப்போனதை எழுதி அனுப்புகிறேன் என்றார். 1788இல் எழுதிய 'முடிசூட்டு' கான்செர்ட்டோவில் நிலைமை இன்னும் விசித்திரம். பல பக்கங்களில் பியானோவின் இடது கைக்கு எதுவுமே எழுதப்படவில்லை. இன்று அங்கே கேட்கும் ஸ்வரங்கள் மொஸார்ட் இறந்தபின் பதிப்பாளர் யோஹன் ஆந்த்ரே வெளியிட்ட பதிப்பிலிருந்து வந்தவை.

கதவை மூடியவர்

டி மைனர் கான்செர்ட்டோவின் காலி இடத்தை நிரப்ப வந்தவர்களில் முதன்மையானவர் பீத்தோவன். இன்று மேடைகளில் பெரும்பாலும் கேட்பது அவர் எழுதிய கடென்சாதான். மொஸார்ட்டின் துடிப்பை எடுத்துக்கொண்டு, மொஸார்ட் போகாத தூரத்துச் சுருதிகளுக்கெல்லாம் அவர் போகிறார். இரண்டு நிமிடம் வீட்டுக்காரரை உட்காரவைத்துவிட்டு விருந்தாளி பேசுவதுபோல இருக்கும். ஹம்மல், கிளாரா ஷூமன், பிராம்ஸ் ஆகியோரும் இதே இடத்துக்குத் தங்கள் கடென்சாக்களை எழுதினார்கள்.

வேடிக்கை என்னவென்றால், அடுத்தவர் வீட்டில் தாராளமாகப் பேசிய பீத்தோவன் தன் வீட்டில் யாரையும் பேச விடவில்லை. 1809இல் எழுதிய ஐந்தாவது கான்செர்ட்டோவில் ('எம்பரர்' என்று பெயர் பெற்றது) வழக்கமான இடத்தில் இசைக்குழு நிற்கிறது. ஆனால் கடென்சா வாசிக்க வேண்டாம், அடுத்ததற்குப் போகவும் என்று தாளில் குறிப்பு இருக்கிறது. அடுத்து என்ன வாசிக்க வேண்டும் என்பதையும் அவரே எழுதிவிட்டார். அப்போது அவருடைய செவித்திறன் வெகுவாகக் குறைந்திருந்தது. 1811 நவம்பரில் லைப்ஸிக்கில் நடந்த முதல் பொதுக் கச்சேரியில் வாசித்தவர் ஃப்ரீட்ரிக் ஷ்னைடர். எழுதியவரும் வாசிப்பவரும் இரண்டு பேரானபோது, காலி இடமும் மறையத் தொடங்கியது. ஷூமன் 1845இல் முடித்த ஏ மைனர் கான்செர்ட்டோவில் கடென்சாவின் ஒவ்வொரு ஸ்வரமும் அச்சில் இருக்கிறது.

இந்த மாற்றம் மாபெரும் படைப்புகளைக் கொடுத்தது என்பதில் சந்தேகமில்லை. ஆனால் கற்பிக்கும் முறையும் அதோடு மாறிவிட்டது. 1789இல் வெளியான டேனியல் காட்லோப் த்யூர்க்கின் பியானோ பாடநூல், மாணவன் கடென்சாவை எப்படி அமைக்க வேண்டும் என்று விதிகளே சொல்கிறது: மூலப் படைப்பின் முக்கியக் கருத்துகளிலிருந்து பிறக்க வேண்டும், நீளக் கூடாது, முன்பே தயாரித்ததாக இருந்தாலும் அந்தக் கணத்தில் தோன்றியதுபோல் ஒலிக்க வேண்டும். இன்று இந்திய நகரங்களில் லண்டன் டிரினிட்டி கல்லூரியின் கிரேடு தேர்வுகளுக்குப் பியானோ கற்கும் பிள்ளைகளுக்கு மதிப்பெண்ணில் பெரும்பங்கு கிடைப்பது, அச்சிட்ட படைப்புகளை நன்றாக வாசிப்பதற்குத்தான். இதில் தேர்வுமுறையை மட்டும் குறை சொல்ல முடியாது. உலகின் பெரிய மேடைகளிலேயே கடென்சாவைப் பெரும்பாலோர் மனப்பாடமாகத்தான் வாசிக்கிறார்கள். மேடையிலேயே கற்பனையாக வாசிக்கும் அமெரிக்கர் ராபர்ட் லெவின் போன்றவர்கள் விதிவிலக்குகள்.

காதுக்குப் பயிற்சி

இதைக் கற்க வெளிநாடு போக வேண்டியதில்லை. மொஸார்ட்டின் முழுப் படைப்புகளும் அடங்கிய ஆய்வுப் பதிப்பு 2006 டிசம்பர் முதல் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. 'முடிசூட்டு' கான்செர்ட்டோவில் மொஸார்ட் எழுதாத இடதுகை ஸ்வரங்கள் அதில் சிறிய எழுத்தில் இருக்கின்றன. எது அவருடையது, எது இரவல் என்று கண்ணாலேயே பிரித்துவிடலாம்.

கேட்பவர்கள் டி மைனரின் முதல் பகுதியை மட்டும் எடுத்துக்கொண்டு மூன்று முறை கேட்கலாம். முதல் முறை, பியானோ நுழையும்வரை மட்டும். இரண்டாம் முறை, பியானோவின் அந்தத் தனி மெட்டு எங்கெல்லாம் திரும்புகிறது என்று எண்ணிக்கொண்டு. மூன்றாம் முறை, இரண்டு கலைஞர்களின் கடென்சாக்களை ஒப்பிட்டு. கிளாரா ஹாஸ்கில் 1960 நவம்பரில், இறப்பதற்குச் சில வாரங்களுக்கு முன் செய்த பதிவு ஒன்று. ஃப்ரீட்ரிக் குல்டா 1986இல் ம்யூனிக்கில், மொஸார்ட்டைப்போலவே பியானோவின் முன் இருந்தபடி குழுவையும் நடத்தி வாசித்தது இன்னொன்று. பழங்காலப் பியானோவில் வாசித்த பதிவு கிடைத்தால் இன்னும் நல்லது. மொஸார்ட்டின் பியானோவில் 61 கட்டைகள்தான். இன்றைய பியானோவில் 88. மரச்சட்டம் கொண்ட அந்த வாத்தியத்தில் ஒலி சீக்கிரம் தேய்ந்துவிடும். இத்தனை பெரிய குழுவுக்கு எதிரே இத்தனை மெல்லிய குரலா என்ற பயம் அப்போதுதான் புரியும்.

வாசிக்கக் கற்பவர்களுக்கு இசைக்குழு கிடைப்பது அரிது. அதனால் இரண்டாவது பியானோவில் ஆசிரியர் குழுவின் பங்கை வாசிக்க, மாணவர் தனிப் பங்கை வாசிப்பதுதான் எங்கும் வழக்கம். மாணவர்கள் அவ்வப்போது இடம் மாறி உட்கார்ந்து குழுவின் பங்கையும் வாசித்தால், தன் வரியை மட்டும் உருப்போடும் பழக்கம் விட்டுப்போகும். நிறுத்தக் குறி வரும் இடத்தில் பீத்தோவனைத் திறப்பதற்கு முன்னால் சொந்தமாக ஒன்று முயன்று பார்க்கலாம். த்யூர்க் சொன்னபடி படைப்பிலிருந்தே இரண்டு மெட்டுகளை எடுத்துக்கொண்டால் போதும். அரை நிமிடம் தாண்ட வேண்டியதில்லை. முடிவில் டிரில்லை மட்டும் மறந்துவிடக் கூடாது. அந்தப் பக்கம் ஆசிரியர் அதற்காகத்தான் காத்திருக்கிறார்.