பரிசலும் பெருநீரும்

கலம் மூழ்கிற்று என்றால் கடலையே எவரும் நினைப்பர். புயலும் பேரலையும் கடலுக்கே உரியவை. நாற்புறமும் கரை சூழ்ந்த ஏரியும், இரு கரைக்கும் இடையே ஓடும் ஆறும் அச்சம் தருவன அல்ல என்பது பலருடைய எண்ணம். கரை கண்ணுக்குத் தெரிவதே இவ்வெண்ணத்திற்குக் காரணம். ஆனால் கரை தெரியும் நீரிலும் கலங்கள் பல மூழ்கியுள்ளன. அவை மூழ்கிய வரலாற்றையும், நீரின் இயல்பறிந்து கலம் செலுத்தியோர் கண்ட முறைகளையும் அறிந்துகொள்ளுதல் நீரில் இறங்கும் எவர்க்கும் பயன் தருவதாகும்.

வட அமெரிக்காவில் ஐம்பெரும் ஏரிகள் உள்ளன. அவற்றுள் மிகப் பெரியது சுப்பீரியர் ஏரி. அதன் பரப்பு ஏறத்தாழ 82,000 சதுர கிலோமீட்டர். நன்னீர் ஏரிகளுள் பரப்பால் உலகில் முதலிடம் பெறுவது அதுவே. இரும்புக் கனிமமும் நிலக்கரியும் கோதுமையும் ஏற்றிய பெருங்கப்பல்கள் இவ்வேரிகளில் ஓடுகின்றன. 1913ஆம் ஆண்டு நவம்பர்த் திங்களில் வீசிய புயலில் இவ்வேரிகளில் 250 பேருக்கு மேற்பட்டோர் மாண்டனர். பல கப்பல்கள் அழிந்தன. 1975ஆம் ஆண்டு நவம்பர் 9ஆம் நாள், எட்மண்டு பிட்சுசெரால்டு என்னும் கப்பல் ஏறத்தாழ 26,000 டன் இரும்புக் கனிமத்துடன் சுப்பீரியர் ஏரியில் புறப்பட்டது. அதன் நீளம் 222 மீட்டர். மறுநாள் மாலை, கடும்புயலுக்கிடையே, பின்னால் வந்துகொண்டிருந்த மற்றொரு கப்பலின் ரேடார்த் திரையிலிருந்து அது மறைந்தது. உதவி வேண்டும் என்னும் அழைப்புக்கூட அதனிடமிருந்து எழவில்லை. கப்பலில் இருந்த 29 பேரும் உயிரிழந்தனர். இரண்டாக முறிந்த அக்கப்பல் 160 மீட்டருக்கும் மேற்பட்ட ஆழத்திற் கிடக்கிறது.

ஏரிநீர் கடல்நீரினும் வேறான இயல்பினை உடையது. உப்புக் கலந்த கடல்நீர் ஒரு கனமீட்டர் ஏறத்தாழ 1,025 கிலோகிராம் எடை உடையது. நன்னீரோ 1,000 கிலோகிராம் அளவினதே. ஆதலால், ஒரே சுமையுடன் கடலில் மிதக்கும் கப்பல், நன்னீருக்குள் வந்தவுடன் சற்று ஆழமாக அமிழ்கிறது. கடலில் அலைகள் நெடுந்தொலைவு பரந்து எழுவன. ஏரியில் எழும் அலைகளோ ஒன்றையொன்று நெருங்கி அடுத்தடுத்து மோதுவன. ஓர் அலையிலிருந்து கலம் நிமிர்வதற்குள் மற்றோர் அலை வந்து தாக்கும். மரத்தைத் துளைத்து அரிக்கும் கடற்புழுக்கள் நன்னீரில் வாழ்வதில்லை. எனவே, குளிர்ந்த ஏரிகளின் அடியில் நூறாண்டுகளுக்கு முன் மூழ்கிய மரக்கப்பல்களும் உருக்குலையாமல் கிடக்கின்றன.

அத்துணைப் பெரிய ஏரிகள் தமிழ்நாட்டில் இல்லை. ஆயினும், கடலைக் காணாத உள்நாட்டு மக்களும் இங்கே நெடுங்காலமாகக் கலம் செலுத்தி வந்துள்ளனர். கருநாடகத்திலிருந்து வரும் காவிரி, கிருட்டினகிரி மாவட்டத்தின் தென்கோடியில் உள்ள அஞ்செட்டி மலைக்காடுகளின் ஓரமாக, இரு மாநிலங்களுக்கும் எல்லைபோல் ஓடுகிறது. பிலிகுண்டுலு என்னும் இடத்தைக் கடந்து, தருமபுரி மாவட்டத்து ஒகேனக்கலில் பாறைகளுக்கிடையே அருவிகளாக வீழ்கிறது. வீழும் நீர்த்துளிகள் புகைபோல் மேலெழுவதால், புகைக்கல் எனப் பொருள்படும் கன்னடப் பெயர் அவ்விடத்திற்கு அமைந்தது. அருவியைக் கடந்த காவிரி, மலைகளுக்கிடையே சென்று மேட்டூர் நீர்த்தேக்கத்தை அடைகிறது. இந்நீர்வழி முழுவதற்கும் உரிய கலம் பரிசல் ஆகும். எல்லைக்கு அப்பால் உள்ள கன்னட மக்கள் இதனை ஹரிகோலு என்பர்.

பரிசல் வட்டமானது; பெரிய கூடையைப் போன்றது. மூங்கிலைப் பிளந்து, பிளாச்சுகளைக் குறுக்கும் நெடுக்குமாகப் பின்னி, விளிம்பை வளைத்துக் கட்டுவர். முற்காலத்தில் அக்கூட்டின் வெளிப்புறத்தைத் தோலால் போர்த்தினர். இக்காலத்தில் பிளாஸ்டிக் விரிப்பால் போர்த்தித் தார் பூசுகின்றனர். கண்ணாடியிழையாற் செய்த பரிசல்களும் வந்துள்ளன. பரிசலுக்கு முன்புறம் பின்புறம் என்பது இல்லை. நீரைக் கிழித்துச் செல்லும் அடிமரமும் இல்லை. தட்டையான அடிப்பகுதி நீரில் மிகச் சிறிதளவே அமிழ்கிறது. ஆகவே, பெரிய படகுகள் செல்ல இயலாத பாறை நிறைந்த ஆற்றிலும், முழங்கால் அளவு நீரிலும் அது செல்லும். கரை சேர்ந்தபின் ஓர் ஆளே அதனைக் கவிழ்த்துத் தலைமேற் சுமந்து செல்லலாம்.

இக்கலத்தின் வரலாறு மிகப் பழைமையானது. கிரேக்க வரலாற்றாசிரியராகிய எரோடோட்டசு, பாபிலோன் நகருக்கு ஆற்றின் வழியே வந்த வட்டமான தோற்படகுகளைப் பற்றி இரண்டாயிரத்து நானூறு ஆண்டுகளுக்கு முன்பே எழுதியுள்ளார். அப்படகுகள் ஒவ்வொன்றிலும் கழுதை ஒன்றும் வரும். சரக்கை இறக்கியபின் படகின் மரச்சட்டத்தை அங்கேயே விற்றுவிட்டு, தோலைக் கழுதையின்மேல் ஏற்றிக்கொண்டு வணிகர் தரைவழியே ஊர் திரும்புவர். நீரோட்டத்தை எதிர்த்து வட்டப் படகைச் செலுத்துதல் அரிது என்பதை அவர்கள் நன்கு அறிந்திருந்தனர்.

கி.பி. 1520ஆம் ஆண்டையொட்டி விசயநகரத்திற்கு வந்த தொமிங்கோ பாயசு என்னும் போர்த்துக்கீசியர், துங்கபத்திரை ஆற்றில் மக்கள் கூடை போன்ற படகுகளில் ஏறிக் கடந்ததைக் குறித்துள்ளார். ஒரு படகில் பதினைந்து அல்லது இருபது பேர் ஏறுவர் என்றும், குதிரைகளும் எருதுகளும்கூட அவற்றில் ஆற்றைக் கடந்தன என்றும், அவை நேரே செல்லாமல் சுழன்று சுழன்றே சென்றன என்றும் அவர் எழுதியுள்ளார். பிற்காலத்தில் வெல்லிங்டன் பிரபு எனப் புகழ்பெற்ற ஆர்தர் வெல்லெசுலி, 1803ஆம் ஆண்டு மராட்டியருடன் நடத்திய போரில் தம் படை ஆறுகளைக் கடப்பதற்குக் கூடைப் படகுகளைச் செய்வித்தார். எளிய மீனவரின் கலமே பெரும்படைக்கும் வழிவிட்டது.

பரிசலைச் செலுத்துவோன் ஒற்றைத் துடுப்பையே கையாள்கிறான். அவன் முன்புறம் அமர்ந்து, துடுப்பை நீரில் ஊன்றித் தன்பால் இழுப்பான். துடுப்பு ஒரு பக்கமே விழுந்தால் பரிசல் சுழலத் தொடங்கும். எனவே, இழுக்கும்போதே துடுப்பைச் சற்றுத் திருப்பிச் சுழற்சியைத் தடுக்க வேண்டும். பாறைக்குப் பின்னே நீர் எதிர்த்துத் திரும்பும் இடம் எது, மேலே அமைதியாகத் தோன்றினும் அடியில் இழுவையுள்ள மடு எது என்பன அவனுக்குத் தெரிந்திருத்தல் வேண்டும். இவ்வறிவு ஓராண்டில் வருவதன்று. தந்தையிடமிருந்து மகன் பல பருவங்கள் உடனிருந்து கற்பது.

ஒகேனக்கலுக்குக் கீழே பரிசல் வேறொரு நீரைக் காண்கிறது. மேட்டூரில் காவிரியின் குறுக்கே அணை கட்டும் பணி 1925ஆம் ஆண்டு தொடங்கி 1934ஆம் ஆண்டு நிறைவெய்தியது. அக்காலத்துச் சென்னை மாநில ஆளுநரின் பெயரால் அந்நீர்த்தேக்கம் இசுடான்லி நீர்த்தேக்கம் எனப் பெயர் பெற்றது. முழு அளவான 120 அடி உயரத்திற்கு நிறையும்போது அதில் 93.47 ஆயிரம் மில்லியன் கனஅடி நீர் தேங்கும். நீர்ப்பரப்பு ஏறத்தாழ 150 சதுர கிலோமீட்டருக்கு விரியும். ஆறாக இருந்த இடம் ஏரியாயிற்று. அவ்விடத்திருந்த ஊர்கள் நீருள் மறைந்தன. மக்கள் தம் வீட்டையும் வயலையும் விட்டு வேறிடங்களுக்குக் குடிபெயர்ந்தனர்.

சுப்பீரியர் ஏரியின் அடியில் கப்பல்கள் கிடப்பதைப்போல, மேட்டூர் ஏரியின் அடியில் ஊர்கள் கிடக்கின்றன. கோடையில் நீர் வற்றும்போது, பண்ணவாடிப் பகுதியில் சலகண்டேசுவரர் கோயிலின் நந்திச் சிலையும், பழைய கிறித்தவ ஆலயத்தின் கோபுரமும் நீருக்கு மேலே தலைகாட்டுகின்றன. முன்பு ஏர் உழுத நிலத்தின்மேல் இன்று பரிசல் செல்கிறது. பண்ணவாடிக்கும் எதிர்க்கரையில் உள்ள நாகமரைக்கும் இடையே மக்கள் நீர்வழியாகவே கடந்து வந்துள்ளனர். ஆற்றில் நீரோட்டத்தையும் பாறையையும் கண்டு அஞ்சிய பரிசலோட்டி, ஏரியில் காற்றையும் அலையையும் கண்டு அஞ்ச வேண்டியவன் ஆனான்.

கலங்கள் ஏன் கவிழ்கின்றன? ஒரு பொருளின் எடை முழுவதும் ஒரு புள்ளியில் குவிந்திருப்பதாகக் கருதலாம். அப்புள்ளி ஈர்ப்பு மையம் எனப்படும். அது தாழ்ந்திருக்கும்வரை, கலம் ஒருபுறம் சாய்ந்தாலும் தானே நிமிரும். பரிசலில் இருப்போர் அடியில் அமர்ந்திருந்தால் ஈர்ப்பு மையம் தாழ்ந்திருக்கும்; அவர்கள் எழுந்து நின்றால் அது உயரும். நிற்பவர் ஒரு பக்கமாக நகர்ந்தால் அப்பக்கத்து விளிம்பு நீர்மட்டத்திற்குத் தாழும். விளிம்பின்மேல் நீர் புகத் தொடங்கியபின், உள்ளே வந்த நீரும் அப்பக்கமே ஓடிச் சாய்வை மிகுவிக்கும். பிறகு கலத்தை நிமிர்த்த நேரம் இராது. சுமை மிகுந்த கலத்தில் விளிம்பு முன்னரே தாழ்ந்திருப்பதால், சிறு சாய்வும் பெருங்கேடாய் முடியும்.

இவ்வுண்மையை அண்மைக் கால நிகழ்ச்சிகள் துயரத்துடன் உணர்த்தின. முல்லைப் பெரியாற்று அணையால் 1895ஆம் ஆண்டு உண்டானது தேக்கடி ஏரி. 2009ஆம் ஆண்டு செப்டம்பர் 30ஆம் நாள் அவ்வேரியில் சுற்றுலாப் பயணிகளுடன் சென்ற இரண்டடுக்குப் படகு கவிழ்ந்து 45 பேர் உயிரிழந்தனர். அளவுக்கு மிகுதியானோர் ஏறியதும், கரையில் நின்ற காட்டு விலங்குகளைக் காணும் ஆவலால் பலர் ஒருபுறமே திரண்டதும் காரணங்களாகக் கூறப்பட்டன. 2011ஆம் ஆண்டு டிசம்பர் 25ஆம் நாள், பழவேற்காட்டு ஏரி கடலோடு கலக்கும் முகத்துவாரத்தின் அருகே, விடுமுறையைக் கழிக்க வந்தோர் சென்ற படகு கவிழ்ந்து 22 பேர் மாண்டனர். அவர்கள் மிதப்புச் சட்டை அணிந்திருக்கவில்லை. இவ்விரண்டு இடங்களிலும் கரை தொலைவில் இல்லை.

பெருங்கப்பல்களுக்குச் சுமையின் எல்லையைக் காட்ட, அவற்றின் பக்கத்தில் ஒரு கோடு வரையப்பட்டிருக்கும். அளவுக்கு மிஞ்சிச் சரக்கேற்றிய கப்பல்களில் மாலுமிகள் மடிவதைக் கண்டு வருந்திய சாமுவேல் பிளிம்சால் என்பவர், பிரிட்டிசு பாராளுமன்றத்தில் விடாது வாதாடினார். அதன் பயனாக 1876ஆம் ஆண்டு அக்கோடு சட்டத்தால் கட்டாயமாக்கப்பட்டது. நன்னீருக்கென அதில் தனிக்கோடும் உண்டு. பரிசலில் அத்தகைய கோடு இல்லை. இத்தனை பேரே ஏறலாம் என்று பரிசலோட்டி சொல்லும் சொல்லே அதன் எல்லைக்கோடு. அச்சொல்லைக் கேளாது மேலும் ஒருவர் ஏறுவாராயின், அவர் கோட்டை அழித்தவர் ஆவார். அளவறிந்து ஏற்றுதல் பற்றி வள்ளுவர் வண்டியை எடுத்துக்காட்டிக் கூறிய அறிவுரை பரிசலுக்கும் பொருந்துவதே.

நீரின் வேகத்தை அறிவிக்கவும் இக்காலத்தில் வழியுண்டு. பிலிகுண்டுலுவில் காவிரியில் வரும் நீர் நாள்தோறும் அளக்கப்படுகிறது. நொடிக்கு இத்தனை கனஅடி என்பது அவ்வளவு. ஒரு கனஅடி நீர் ஏறத்தாழ 28 கிலோகிராம் எடையுள்ளது. ஆகவே, நொடிக்கு 10,000 கனஅடி என்றால், ஏறத்தாழ 280 டன் நீர் ஒவ்வொரு நொடியும் பாய்கிறது என்பது பொருள். தமிழகத்தில் வானம் தெளிந்திருக்கும் நாளிலும், குடகு மலையில் பெய்த மழையாலும் கருநாடக அணைகளில் திறந்த நீராலும் ஒகேனக்கலில் வெள்ளம் வரலாம். அத்தகைய நாள்களில் மாவட்ட ஆட்சியர் பரிசல் இயக்கத் தடை விதிக்கிறார். மேலே வெயில் அடிக்கும்போது தடை ஏன் என்று வினவுவோர், ஆற்றின் தலைப்பக்கத்தை நினைத்தல் வேண்டும்.

ஓசூரும் கிருட்டினகிரியும் இன்று தொழிற்சாலைகள் நிறைந்த பகுதிகள். பல மாவட்டத்தினரும் பிற மாநிலத்தினரும் அங்கே பணிபுரிகின்றனர். ஒகேனக்கலிலிருந்து காவிரி நீரைத் தருமபுரி, கிருட்டினகிரி மாவட்டங்களுக்குக் கொண்டுவரும் கூட்டுக் குடிநீர்த் திட்டம் 2013ஆம் ஆண்டு தொடங்கிவைக்கப்பட்டது. ஆகவே, இயந்திரங்களிடையே உழைக்கும் அம்மக்களின் குடத்தில் நிறைவதும் அந்த ஆறே. விடுமுறை நாளில் அவர்கள் அதனைக் காண வந்து பரிசலில் ஏறுகின்றனர். தொழிற்சாலையில் இயந்திரத்தின் அளவையும் எச்சரிக்கைப் பலகையையும் மதிக்கும் பழக்கம் அவர்களுக்கு உண்டு. அதே மதிப்பு நீருக்கும் உரியது.

பரிசலில் ஏறுவோர் மிதப்புச் சட்டையை அணிந்து அதன் வார்களை இறுகக் கட்டிக்கொள்ள வேண்டும். அடியில் அமர வேண்டும். நடுவே எழுந்து நிற்றலும், விளிம்பின்மேல் சாய்தலும், ஒருபுறம் கூடுதலும் கூடாது. தடை விதிக்கப்பட்ட நாளில், கூடுதற் பணம் தந்தேனும் போகலாம் என்று பரிசலோட்டியை வற்புறுத்துதல் பெருந்தவறு. அது தன்னுயிரோடு அவன் உயிரையும் பணயம் வைப்பதாகும். நூற்றாண்டுகள் பல கடந்தும் மூங்கிற்கூடை ஒன்று காவிரியில் மிதந்துவருவது அதன் வலிமையால் அன்று. அதனைச் செலுத்தியோர் நீருக்கு அஞ்சி, அளவறிந்து நடந்தமையால் ஆகும். எஃகாற் செய்த பெருங்கப்பலும் அவ்வளவை மீறி வாழ்தல் அரிது. கரை அருகில் இருப்பது காவல் ஆகாது. அளவறிந்து நடத்தலே காவல்.