பத்துப் பிள்ளைகளின் தாய் வரைந்த மலர்கள்

"பிள்ளைகள் பிறந்த பிறகு இதற்கெல்லாம் நேரமேது?" என்று பேனாவையும் பூத்தையலையும் மூலையில் வைத்துவிட்டவர்கள் எம்மில் அநேகர். ஒல்லாந்து தேசத்து ஓவியரான ரேச்சல் ரொய்ஷ் பத்துப் பிள்ளைகளைப் பெற்றவர். கடைசிப் பிள்ளை பிறந்தபோது அவருக்கு வயது 47. தூரிகையை மட்டும் அவர் கீழே வைக்கவில்லை.

எமது நாட்டின் கரையோரங்களை ஒல்லாந்தர் ஆண்ட காலம் அது. 1664இல் ஹேக் நகரில் ரேச்சல் பிறந்தார். தாயின் தந்தை பீற்றர் போஸ்ற் பெயர்பெற்ற கட்டடக் கலைஞர். அவரது தம்பி பிரான்ஸ் போஸ்ற் ஓவியர். ரேச்சலின் தங்கை அன்னாவும் மலர்களை வரைந்தவர். தந்தை பிரடெரிக் ரொய்ஷோ உடற்கூற்று அறிஞர், தாவரவியல் பேராசிரியர். ஆம்ஸ்ரடாமில் அவர் சேர்த்து வைத்திருந்த செடிகளையும் பூச்சிகளையும் பார்த்தே மகள் வளர்ந்தார்.

15 வயதில் வில்லெம் வான் ஏல்ஸ்ற் என்ற ஓவியரிடம் மாணவியானார். ஆடையற்ற மனித உருவங்களைப் பார்த்து வரைந்து பழகுவது அன்று பெண்களுக்குத் தகாததாகக் கருதப்பட்டது. மலர்களை வரையத் தடையிருக்கவில்லை. அதில்தான் ரேச்சல் ஆண்களையும் மிஞ்சினார். அவரது பூச்சாடிகளை உற்றுப் பாருங்கள். வசந்தத்தில் பூக்கும் ரியூலிப்பும் கோடையின் ரோஜாவும் ஒரே சாடியில் இருக்கும்! வெவ்வேறு காலங்களில் பார்த்தறிந்ததை ஒன்றுசேர்த்த கைவண்ணம் அது. இலையில் பூச்சி அரித்த ஓட்டையும் தவறாது.

1693இல் ஜூரியான் பூல் என்ற ஓவியரை மணந்தார். 1701இல் ஹேக் ஓவியர் சங்கத்தில் சேர்ந்த முதற் பெண் இவரே. 1708இல் ஜெர்மனியின் டுசல்டோர்ப் அரசவை ஓவியரானார். அதற்காகக் குடிபெயரவில்லை, ஆம்ஸ்ரடாம் வீட்டிலிருந்தே வரைந்து அனுப்பினார். பணிப்பெண்கள் உதவியிருப்பார்கள்தான். ஆயினும், மனைவியின் பெயர் தம் பெயரை விட ஓங்குவதைப் பொறுத்துக்கொள்ளும் கணவர் எத்தனை பேர்? 1716இல் பூல் வரைந்த குடும்பப் படத்தில் மனைவி முன்னே அமர்ந்திருக்க, அவர் பின்னால் நிற்கிறார்.

1723இல் இக்குடும்பத்துக்கு லொத்தரில் 75,000 கில்டர் விழுந்தது. லொத்தர் எமக்கு ஆகுமானதல்ல. அது வேறு விடயம். பணத்துக்காக வரைய வேண்டிய தேவை அதன்பின் ரேச்சலுக்கு இல்லை. ஆனாலும் வரைந்தார். முதுமையில் தமது பெயரோடு வயதையும் படத்தில் எழுதினார். 1750இல் காலமாவதற்கு மூன்றாண்டுகள் முன்பு வரைந்த படத்தில் அவர் எழுதிய வயது 83.