விமர்சகர்கள் ஒதுக்கிய முதல் ஆல்பம்

1969 அக்டோபரில் பர்மிங்காம் இளைஞர்கள் நால்வர் லண்டனின் ரீஜெண்ட் சவுண்ட் ஸ்டுடியோவில், மேடையில் வாசிப்பதுபோலவே வாசித்து, ஒரே நாளில் ஆல்பத்தைப் பதிவுசெய்தார்கள். குழு, ஆல்பம், முதல் பாடல் மூன்றுக்கும் ஒரே பெயர்: ‘பிளாக் சப்பாத்’.

அந்த முதல் பாடலின் தொடக்கத்தில் மழை, இடி, தேவாலய மணி. பிறகு மெதுவாக, பெரும் கனத்தோடு கிடார் நுழைகிறது. அதை வாசித்த டோனி அயோமி 17 வயதில் தகட்டு ஆலை விபத்தில் வலக்கையின் இரண்டு விரல் நுனிகளை இழந்தவர். இடக்கைப் பழக்கமுள்ள அவருக்குத் தந்தியை அழுத்த வேண்டிய விரல்களே அவை! பிளாஸ்டிக் பாட்டிலை உருக்கி விரலுறை செய்துகொண்டார். மெல்லிய தந்திகளைக் கட்டி வாசித்தார். அந்த உறுதிதான் இந்த இசையின் முதுகெலும்பு.

1970 பிப்ரவரி 13 அன்று ஆல்பம் வெளியானது. ‘ரோலிங் ஸ்டோன்’ இதழில் லெஸ்டர் பாங்ஸ் அதை ‘க்ரீம்’ என்ற ப்ளூஸ் ராக் குழுவோடு ஒப்பிட்டுத் தாழ்த்தி எழுதினார். விமர்சகர் ராபர்ட் கிறிஸ்ட்காவும் ஏற்கவில்லை. பழைய ப்ளூஸ் ராக் அளவுகோலால் புதிய ஒன்றை அளந்ததே அவர்கள் செய்த பிழை.

ரசிகர்கள் காத்திருக்கவில்லை. ஆல்பம் தரவரிசையில் பிரிட்டனில் 8ஆம் இடம், அமெரிக்காவில் 23ஆம் இடம்.

2003இல் அதே ‘ரோலிங் ஸ்டோன்’ வெளியிட்ட தலைசிறந்த 500 ஆல்பங்களின் பட்டியலில் இதுவும் இடம்பெற்றது. ஹெவி மெட்டலின் தொடக்கமாகப் பலரும் இதையே சொல்கிறார்கள். புதிதாகக் கேட்பவர்கள் ‘என்.ஐ.பி.’ பாடலில் குழுவின் கீஸர் பட்லர் வாசிக்கும் பேஸ் கிடாரிலிருந்து தொடங்கலாம்.