43-ஆம் நம்பர் நீலக் கார்

நான் கார் பட்டறை நடத்துகிறவன். ரேஸ் என்றாலே பட்டறைப் பையன்கள் ஃபார்முலா ஒன் பற்றித்தான் பேசுவார்கள். எனக்கென்னவோ அமெரிக்காவின் ஸ்டாக் கார் பந்தயம்தான் பிடிக்கும். பார்க்க ரோட்டில் ஓடுகிற கார் மாதிரியே இருக்கும். பானெட்டைத் திறந்தால் வேறு உலகம். இடித்துக்கொண்டு, உரசிக்கொண்டு, நசுங்கிய பாடியோடு எல்லைக்கோடு வரை வந்து சேர வேண்டும். 1948-இல் தொடங்கிய நாஸ்கார் அமைப்பு நடத்தும் இந்தப் பந்தயத்தில் ‘கிங்’ என்றால் ஒரே ஆள்தான்: 43-ஆம் நம்பர் நீலக் காரை ஓட்டிய வட கரோலினாக்காரர் ரிச்சர்ட் பெட்டி.

மொத்தம் 200 வெற்றிகள். அடுத்த இடத்தில் இருக்கும் டேவிட் பியர்சனுக்கே 105தான். ஏழு முறை சாம்பியன். 1967-இல் மட்டும் 27 வெற்றிகள், அதில் 10 தொடர்ச்சியாக. ‘அப்போதெல்லாம் வருஷத்துக்கு ஐம்பது பந்தயம், குட்டி குட்டி டிராக், அதனால்தான்’ என்று மட்டம் தட்டுகிறவர்கள் உண்டு. மற்றவர்களும் அதே டிராக்கில்தானே ஓட்டினார்கள்?

அப்பா லீ பெட்டி மூன்று முறை சாம்பியன். 1959-இல் அட்லாண்டாவில் மகன் ஜெயித்ததாக அறிவித்தார்கள். ‘சுற்றுக் கணக்கு தப்பு’ என்று ஆட்சேபித்தவர் வேறு யாருமில்லை, பெற்ற அப்பாதான்! கணக்குப் பார்த்துவிட்டு வெற்றியை அப்பாவுக்கே கொடுத்தார்கள். அந்த வீட்டில் சலுகை கிடையாது.

1976 டேடோனா 500-ஐப் பற்றி எத்தனை முறை பேசினாலும் எனக்கு அலுக்காது. 500 மைல், 200 சுற்று. கடைசிச் சுற்றின் கடைசி வளைவில் பெட்டியும் பியர்சனும் உரசி, சுவரில் மோதி, சுழன்றடித்தார்கள். பெட்டியின் வண்டி கோட்டுக்குக் கொஞ்ச தூரம் முன்னால் புல்லில் நின்றுவிட்டது. இன்ஜின் ஆஃப். செல்ஃப் எடுக்கவில்லை. பியர்சனோ சுழலும்போதே கிளட்ச்சை மிதித்து இன்ஜினை அணையவிடாமல் காப்பாற்றியிருந்தார். முகப்பு நொறுங்கிய காரை உருட்டிக்கொண்டே போய்க் கோட்டைத் தாண்டினார். பெட்டிக்கு இரண்டாமிடம். வேலை பழக வருகிற பையன்களுக்குக் கிளட்ச் என்றால் என்ன என்று நான் இந்தக் கதையை வைத்துத்தான் சொல்லிக்கொடுப்பது.

மூன்று வருஷம் கழித்து அதே டேடோனா. முழுப் பந்தயமும் நாடு முழுக்க டி.வி.யில் நேரடியாக வந்தது. வெளியே பனி கொட்டியதால் ஏராளமானோர் வீட்டோடு முடங்கிப் பார்த்தார்கள். கடைசிச் சுற்றில், முன்னால் போன டானி அலிசனும் கேல் யார்பரோவும் முட்டிக்கொண்டு சுவரில் மோதி, புல்வெளியில் போய் நின்றார்கள். வெகு தூரம் பின்னால் வந்த பெட்டி முந்திப் போய் ஜெயித்துவிட்டார். அந்த மோதலுக்காகப் புல்வெளியில் நடந்த கைகலப்பைத்தான் இன்றும் பேசுகிறார்கள். கோப்பை என்னவோ பெட்டிக்குத்தான்.

200-ஆவது வெற்றி 1984 ஜூலை 4, டேடோனாவில், ஜனாதிபதி ரீகன் முன்னிலையில். அதற்குப் பிறகு ஒன்றுகூட இல்லை. ஆனாலும் எட்டு வருஷம் ஓட்டினார். முன்னமே நிறுத்தியிருக்கலாம் என்பது என் கட்சி.

1992 நவம்பரில், 55 வயதில், அட்லாண்டாவில் கடைசிப் பந்தயம். மோதலில் சிக்கிய வண்டி தீப்பிடித்தது. ஆட்கள் அதைத் தட்டி நிமிர்த்தி, பந்தயம் முடிய ஓரிரு சுற்றுகள் இருக்கும்போது மறுபடி டிராக்கில் இறக்கினார்கள். 35-ஆவது இடம். வண்டி ஓடிக்கொண்டுதான் இருந்தது.