எம்டனுக்குக் கரி கொண்டுவந்த கப்பல்

எங்க வண்ணாரப்பேட்டையில, கமுக்கமா இருந்து காரியத்தை முடிக்கிற ஆளை ‘சரியான எம்டன்’னு சொல்வாங்க. சின்ன வயசுல எங்க தாத்தா என்னை அப்படித்தான் திட்டுவார். அது ஒரு ஜெர்மன் போர்க்கப்பலோட பேர்னு பலருக்குத் தெரிஞ்சிருக்கும். 1914 செப்டம்பர் 22 ராத்திரி, மெட்ராஸ் துறைமுகத்துக்கு எதிர்ல வந்து சுமார் 130 குண்டு போட்டு, பர்மா ஆயில் கம்பெனியோட ரெண்டு எண்ணெய் டேங்கைக் கொளுத்திட்டுப் போன கப்பல்.

இன்னைக்கு நான் பேசப்போறது அதுகூடவே வந்த இன்னொரு கப்பலைப் பத்தி. பேரு மார்க்கோமானியா.

ஒரு என்ஜினியரா எனக்கு வந்த முதல் சந்தேகம், எம்டன் எரிபொருளுக்கு என்ன பண்ணுச்சு? அது நிலக்கரியில ஓடுற நீராவிக் கப்பல். நிதானமா போனாலே ஒரு லோடு கரி சுமார் 7,000 கிலோமீட்டருக்குத்தான் வரும். கொழும்பு, சிங்கப்பூர், ஏடன்னு கரி கிடைக்கிற துறைமுகமெல்லாம் பிரிட்டிஷ்காரங்க கையில. குண்டே போட வேண்டாம், கரியை நிறுத்தினாலே எதிரிக் கப்பல் நின்னுடும். கடல் முற்றுகையோட லாஜிக்கே இதுதான்.

அதைத் தாண்ட உதவினது இந்தச் சரக்குக் கப்பல். ஹாம்பர்க்-அமெரிக்கா லைன் கம்பெனியோடது. ஆகஸ்ட்ல பசிபிக்ல இருக்கிற பாகன் தீவுல இருந்து எம்டன் பின்னாடியே வந்துச்சு. ஒதுக்குப்புறமா ரெண்டும் ஒட்டி நிக்கும். மாலுமிங்க வெயில்ல மூட்டை மூட்டையா கரி மாத்துவாங்க. வழியில பிடிச்ச கப்பல்ல இந்தியக் கரி இருந்துச்சு. ஆனா அதுல புகை ஜாஸ்தி. ஒளிஞ்சு திரியிறவனுக்குப் புகைதானே முதல் எதிரி!

இப்படி ஓடின எம்டனால, ஒரே மாசத்துல வங்காள விரிகுடா பக்கத்து ஏற்றுமதி மதிப்பு 60 சதவீதத்துக்கு மேல விழுந்துச்சு.

அக்டோபர் 12-ல சுமத்ரா பக்கம் பிரிட்டிஷ் கப்பல் யார்மத், மார்க்கோமானியாவைப் பிடிச்சு மூழ்கடிச்சது. அதுக்குள்ள எம்டன், நல்ல கரியோட வந்த பியூரெஸ்க் கப்பலைப் பிடிச்சு வெச்சிருந்தது. நவம்பர் 9, கோகோஸ் தீவு. பியூரெஸ்க் வரும்னு எம்டன் காத்திருக்கு. தூரத்துல புகை. நம்ம கரிக் கப்பல்தான்னு நினைச்சாங்க. வந்தது ஆஸ்திரேலியப் போர்க்கப்பல் சிட்னி. எம்டன் கதை அன்னைக்கே முடிஞ்சது.

ஹைகோர்ட் சுவர்ல எம்டனுக்குக் கல்வெட்டு இருக்கு, நம்ம பேச்சுலயும் அது இருக்கு. மார்க்கோமானியாவை யாரும் சொல்றதில்ல. எண்ணூர்ல கரி வந்து இறங்கினாத்தான் நம்ம வீட்டு ஃபேன் ஓடும். இறக்கினவங்க பேர் நமக்குத் தெரியுமா? அடுத்த எபிசோட்ல பார்ப்போம்.